அழையாத விருந்தாளிகள்! செல்போனில் நச்சரிக்கும் விளையாட்டு அழைப்புகளை நிறுத்துவது எப்படி?

வாசலில் ஒருவன் வந்து நிற்கிறான். ‘‘உள்ளே வரலாமா?’’ என்று கேட்கிறான்.

‘‘வேண்டாம்’’ என்கிறோம். போய்விடுகிறான்.

சாப்பிட உட்காருகிறோம். மறுபடியும் வந்து நிற்கிறான். ‘‘இப்போது வரலாமா?’’

படுக்கப் பாயை விரிக்கிறோம். அப்போதும் அவனே!

இப்படி ஒருவன் நிஜமாகவே வந்தால் சும்மா விடுவோமா? தெருவில் நாலு பேரைக் கூட்டி நியாயம் கேட்போம்.

ஆனால் இதே வேலையைச் செல்போன் செய்கிறது. நாம் பொறுத்துக்கொண்டு இருக்கிறோம்!

போனைத் திறந்தால், ‘‘விளையாட வா’’ என்று ஒரு பெட்டி துள்ளி வந்து நிற்கிறது. அழுகிற பிள்ளைக்கு ஒரு ஆட்டத்தைத் திறந்து கொடுத்தால், ‘‘முதலில் சைன்-இன் செய்’’ என்று இன்னொரு பெட்டி. இரண்டு நாள் அந்த ஆட்டத்தைத் தொடாமல் இருந்தால், ‘‘உங்கள் பரிசு காத்திருக்கிறது’’ என்று மணியோசை!

சின்னத் தொல்லைதானே என்று தோன்றலாம். அப்படி அல்ல. போன் வழியாக வரும் விளையாட்டுகளை அடக்கத் தமிழ்நாடு சட்டசபை சட்டம் போட்டு இருக்கிறது. சென்னை ஐகோர்ட்டு தீர்ப்புச் சொல்லி இருக்கிறது. பாராளுமன்றமும் ஒரு சட்டம் இயற்றி இருக்கிறது. நச்சரிக்கும் பெட்டிகளுக்கு என்றே மத்திய சர்க்கார் தனியாக விதி வகுத்து இருக்கிறது.

இத்தனைக்குப் பிறகும் பெட்டிகள் வருகின்றன. ஏன்? அவற்றை நிறுத்துவது யார் கையில் இருக்கிறது?

ஒரு வீடு, ஒரு போன்

தர்மபுரி மாவட்டத்தை எடுத்துக்கொள்வோம்.

1965-ம் ஆண்டு அக்டோபர் 2-ந் தேதி சேலத்தில் இருந்து பிரிந்து தனி மாவட்டம் ஆனது தர்மபுரி. 2011-ம் ஆண்டு கணக்கெடுப்பின்படி அங்கே 15 லட்சம் பேர் இருந்தார்கள். ஏழு வயதுக்கு மேற்பட்டவர்களில் நூற்றுக்கு 68 பேருக்குத்தான் எழுதப் படிக்கத் தெரிந்து இருந்தது. தமிழ்நாட்டு மாவட்டங்களில் அதுதான் மிகக் குறைவு.

ராகி விளையும் மண் அது. மாந்தோப்பும் புளியமரமும் உண்டு. பாலக்கோட்டில் தக்காளி மண்டி. தர்மபுரியில் பட்டுக்கூடு அங்காடி. மழை தவறினால் பெங்களூருக்கும் திருப்பூருக்கும் கூலி வேலைக்குப் போகிறவர்கள் ஏராளம்.

வெளியூருக்குப் போனவர்களுக்கும் வீட்டுக்கும் நடுவே பாலமாக இருப்பது செல்போன்தான். பல வீடுகளில் அது ஒன்றே ஒன்று.

கணவன் அனுப்பிய பணம் வந்து சேர்ந்ததா? அந்தச் செய்தி போனுக்குத்தான் வருகிறது. பள்ளிக்கூடத்துச் சேதியும் அதில்தான். தக்காளி இன்று என்ன விலை என்று கேட்பதும் அதில்தான்.

மகளிர் உரிமைத்தொகைக்கு மனு வாங்கும் முகாம் 2023-ம் ஆண்டு ஜூலை 24-ந் தேதி இதே மாவட்டத்தில், தொப்பூரில்தான் தொடங்கி வைக்கப்பட்டது. அந்த ஆண்டு செப்டம்பர் மாதம் முதல் தவணை ஆயிரம் ரூபாய் பாங்கிக் கணக்கில் ஏறியபோது, அதைச் சொன்னதும் போனில் வந்த செய்திதான்.

அதே போனைத்தான் மாலையில் பிள்ளை வாங்கி விளையாடுகிறது.

ஒரு நாளில் இருபது அறிவிப்பு வருகிறது என்று வைத்துக்கொள்வோம். பதினெட்டு, விளையாட்டு அழைப்பு. ஒன்று, பாங்கிச் செய்தி. ஒன்று, பள்ளிக்கூடத்துச் செய்தி. எழுத்துக் கூட்டிப் படிக்கும் ஒரு தாய் என்ன செய்வாள்? எல்லாவற்றையும் ஒரே வீச்சில் தள்ளிவிடுவாள். வேண்டாத பதினெட்டோடு வேண்டிய இரண்டும் போய்விடும்!

இதுதான் முதல் நஷ்டம். இரண்டாவது நஷ்டம் இதைவிடப் பெரியது.

கைநாட்டும் ‘கண்டினியூ’வும்

படிக்காத பத்திரத்தில் கைநாட்டு வைக்காதே என்று நம் பெரியவர்கள் சொல்வார்கள். பட்டுத் தெரிந்துகொண்ட பாடம் அது. ஐம்பது ரூபாய் கடனுக்கு ஐந்நூறு என்று எழுதிய சீட்டில் பெருவிரலை உருட்டிவிட்டு, நிலத்தையே தோற்றவர்கள் உண்டு.

அதற்காகத்தான் கிராமம் கிராமமாக எழுத்து சொல்லிக் கொடுத்தார்கள். 1990-களில் அறிவொளி இயக்கத்தில் இரவு நேரங்களில் உட்கார்ந்து படித்தவர்கள், முதலில் எழுதிப் பழகியது தங்கள் பெயரை. அதற்குப் பிறகு அவர்கள் கைநாட்டு வைக்கவில்லை. கையெழுத்துப் போட்டார்கள்.

இப்போது அதே விரல் மறுபடியும் ஏமாறுகிறது!

போனில் ஒரு பெட்டி வருகிறது. பெரும்பாலும் இங்கிலீஷ். கீழே ஒரு பெரிய பச்சைப் பொத்தான். அதில் ‘கண்டினியூ’ என்று இருக்கும். ‘தொடரலாம்’ என்று அர்த்தம். இன்னொன்றில் ‘அலவ்’ என்று இருக்கும். ‘அனுமதிக்கிறேன்’ என்று அர்த்தம். ஓரத்தில் மங்கலாக, சின்ன எழுத்தில் ‘நாட் நவ்’ என்று ஒன்று இருக்கும். ‘இப்போது வேண்டாம்’ என்று அர்த்தம்.

எதை அழுத்துவார்கள்? பெட்டி போனால் போதும் என்று பெரிய பொத்தானைத்தான் அழுத்துவார்கள்.

‘சைன்-இன்’ என்றாலே பதிவேட்டில் கையெழுத்துப் போட்டு உள்ளே போவது. அதைச் செய்வதில் தப்பு இல்லை. ஆனால் எதில் போடுகிறோம் என்று தெரிந்து போட வேண்டும். தெரியாமல் ‘கண்டினியூ’வை அழுத்துவதும் ஒரு கைநாட்டுதான். மை மட்டும்தான் இல்லை!

ஏன் விடாமல் கூப்பிடுகிறார்கள்?

விளையாட்டுக் கணக்கு என்று ஒன்றைப் பெரிய கம்பெனிகள் நடத்துகின்றன. ஆப்பிள் கம்பெனி 2010-ம் ஆண்டு ‘கேம் சென்டர்’ என்பதைத் தொடங்கியது. கூகுள் 2013-ம் ஆண்டு ‘பிளே கேம்ஸ்’ என்பதைத் தொடங்கியது. இவை தவிர, போன் தயாரிக்கும் சில கம்பெனிகள் தங்கள் விளையாட்டு ஆப்பைப் போனில் ஏற்றியே விற்கின்றன.

இந்தக் கணக்கால் நன்மையே இல்லையா? உண்டு. நூறு படி தாண்டிய ஒரு பிள்ளை, போன் உடைந்து புதுப் போன் வாங்கினால், முதல் படியில் இருந்து ஆட வேண்டியது இல்லை. விட்ட இடத்தில் தொடரலாம். நண்பர்களின் மதிப்பெண்ணைப் பார்க்கலாம். அது வேண்டும் என்று விரும்புகிறவர்கள் தாராளமாக வைத்துக்கொள்ளலாம்.

ஆனால் பெட்டி திரும்பத் திரும்ப வருவது பிள்ளையின் நன்மைக்காக மட்டும் அல்ல. வியாபாரமும் இருக்கிறது.

ஆட்டம் இலவசம். ஆனால் அதை நடத்துகிறவன் தர்மத்துக்கு நடத்தவில்லை. விளம்பரம் காட்டிச் சம்பாதிக்கிறான். ஆட்டத்துக்குள் வாளும் வண்டியும் சட்டையும் விற்றுச் சம்பாதிக்கிறான். நாம் எவ்வளவு நேரம் ஆடுகிறோமோ, அவ்வளவு விளம்பரம். எவ்வளவு அடிக்கடி திரும்பி வருகிறோமோ, அவ்வளவு விற்பனை. ஆகவேதான் மணி அடித்துக் கூப்பிடுகிறான்.

தர்மபுரியின் பழைய பெயர் தகடூர். அதை ஆண்ட அதியமான், அவ்வைக்கு நெல்லிக்கனி கொடுத்த கதை குழந்தைகளுக்கும் தெரியும். கொடுத்தவன் கைம்மாறு கேட்கவில்லை. செல்போன் காட்டும் ‘இலவசப் பரிசு’ அந்த ரகம் அல்ல. அது தூண்டில் புழு!

சட்டம் எதைத் தடுத்தது?

இங்கே இரண்டு விஷயங்களைப் பிரித்துப் பார்க்க வேண்டும். பணம் கட்டி ஆடும் ஆட்டம் ஒன்று. சும்மா ஆடும் ஆட்டம் மற்றொன்று.

பணம் கட்டி ஆடிய ரம்மியால் தமிழ்நாட்டில் குடும்பங்கள் அழிந்தன. தற்கொலைகள் நடந்தன. 2020-ம் ஆண்டு நவம்பரில் அவசரச் சட்டம் வந்தது. பின்னர் அது சட்டம் ஆனது. 2021-ம் ஆண்டு ஆகஸ்டு 3-ந் தேதி அந்தச் சட்டம் செல்லாது என்று சென்னை ஐகோர்ட்டு தீர்ப்புக் கூறியது.

தமிழ்நாடு சர்க்கார் விடவில்லை. 2022-ம் ஆண்டு, ஓய்வு பெற்ற நீதிபதி கே.சந்துரு தலைமையில் குழு அமைத்தது. அந்தக் குழு அறிக்கை கொடுத்த பின், புது மசோதா அக்டோபரில் சட்டசபையில் நிறைவேறியது. 2023-ம் ஆண்டு மார்ச்சில் கவர்னர் அதைத் திருப்பி அனுப்பினார். சட்டசபை அதே மாதம் மறுபடியும் நிறைவேற்றியது. ஏப்ரலில் ஒப்புதல் கிடைத்தது.

வழக்கு மறுபடியும் ஐகோர்ட்டுக்குப் போனது. 2023-ம் ஆண்டு நவம்பர் 9-ந் தேதி தீர்ப்பு வந்தது. சட்டம் செல்லும், ஆனால் ரம்மியும் போக்கரும் திறமைக்கான ஆட்டங்கள், அவற்றுக்குத் தடை செல்லாது என்று கோர்ட்டு கூறியது.

தடுக்க முடியாவிட்டால் கட்டுப்படுத்தலாம் அல்லவா? 2025-ம் ஆண்டு பிப்ரவரியில் தமிழ்நாடு இணையவழி விளையாட்டு ஆணையம் விதிகளை வெளியிட்டது. பணம் கட்டி ஆடும் ஆட்டங்களில் 18 வயதுக்குக் கீழ் உள்ளவர்களைச் சேர்க்கக் கூடாது. நள்ளிரவு 12 மணி முதல் காலை 5 மணி வரை உள்ளே விடக் கூடாது. ஆதார் வழியாக ஆளைச் சரிபார்க்க வேண்டும். 2025-ம் ஆண்டு ஜூன் 3-ந் தேதி ஐகோர்ட்டு இந்த விதிகள் செல்லும் என்று தீர்ப்பளித்தது.

அந்த விதிகளில் ஒரு வேடிக்கை உண்டு. ஒருவர் ஒரு மணி நேரத்துக்கு மேல் விடாமல் ஆடினால், அரை மணிக்கு ஒரு முறை எச்சரிக்கைப் பெட்டி வர வேண்டும் என்று விதி சொன்னது! எவ்வளவு நேரம் ஆடினாய், எவ்வளவு செலவு செய்தாய் என்று அது காட்ட வேண்டும். ஆக, பெட்டி என்பதே கெட்டது அல்ல. யாருடைய நன்மைக்காக வருகிறது என்பதுதான் கேள்வி.

அடுத்து மத்திய சர்க்கார் களத்தில் இறங்கியது. பணம் வைத்து ஆடும் இணைய ஆட்டங்களை நடத்துவதையும், விளம்பரப்படுத்துவதையும், அவற்றுக்குப் பணம் மாற்றிக் கொடுப்பதையும் தடுக்கும் மசோதா, 2025-ம் ஆண்டு ஆகஸ்டு 20, 21-ந் தேதிகளில் பாராளுமன்றத்தின் இரு சபைகளிலும் நிறைவேறியது. 22-ந் தேதி ஜனாதிபதி ஒப்புதல் அளித்தார். ஆட்டத்தை நடத்துகிறவனுக்கு 3 ஆண்டு வரை ஜெயில், ஒரு கோடி ரூபாய் வரை அபராதம் என்று சட்டம் சொல்கிறது. ஆடி ஏமாந்தவனுக்குத் தண்டனை இல்லை. பெரிய கம்பெனிகள் பல, அந்த மாதமே பண ஆட்டங்களை நிறுத்திக்கொண்டன.

நல்ல காரியம். ஆனால் சும்மா ஆடும் ஆட்டங்களுக்கு இந்தச் சட்டத்தில் தடை இல்லை. தடை இருக்க வேண்டியதும் இல்லை. பிள்ளைகள் விளையாடட்டும். நச்சரிப்பைத்தான் நிறுத்த வேண்டும்.

நச்சரிப்புக்கும் ஒரு விதி

அதற்கும் ஒரு விதி இருக்கிறது. பலருக்கு இது தெரியாது.

மத்திய நுகர்வோர் பாதுகாப்பு ஆணையம் 2023-ம் ஆண்டு நவம்பர் 30-ந் தேதி சில வழிகாட்டு விதிகளை வெளியிட்டது. இணையத்தில் மக்களை மயக்கி வழிக்குக் கொண்டுவரும் 13 தந்திரங்களை அது பட்டியல் போட்டது. பொய் அவசரம் காட்டுவது ஒன்று. ‘‘இன்னும் இரண்டு நிமிடம்தான்’’ என்று மிரட்டுவது அந்த வகை. வேண்டாம் என்பவரை வெட்கப்பட வைப்பது மற்றொன்று. விளம்பரத்தைச் செய்திபோல் காட்டுவது இன்னொன்று.

அந்தப் பட்டியலில் நச்சரிப்பும் இருக்கிறது! ஒருவர் அனுமதிக்காமல், வியாபார லாபத்துக்காக, வேண்டுகோளும் குறுக்கீடுமாகத் திரும்பத் திரும்ப வந்து தொல்லை கொடுப்பது தவறு என்கிறது விதி. ‘‘எங்கள் ஆப்பை இறக்கு, இறக்கு’’ என்று மீண்டும் மீண்டும் கேட்பது உதாரணமாகக் காட்டப்பட்டு இருக்கிறது. ‘வேண்டாம்’ என்று சொல்ல வழி வைக்காமல், அறிவிப்புகளை அனுமதிக்கும்படி ஓயாமல் கேட்பதும் உதாரணம்.

எல்லாக் கேள்வியும் நச்சரிப்பு ஆகிவிடாது. ஒரு முறை கேட்பது மரியாதை. வேண்டாம் என்ற பிறகும் கேட்டுக்கொண்டே இருப்பதுதான் நச்சரிப்பு.

பிள்ளைகளைக் காக்க இன்னொரு சட்டமும் உண்டு. 2023-ம் ஆண்டு இயற்றப்பட்ட தகவல் பாதுகாப்புச் சட்டத்தின்படி, 18 வயதுக்குக் கீழ் உள்ளவர்களின் விவரங்களைப் பெற்றோர் சம்மதம் இல்லாமல் எடுத்தாளக் கூடாது. பிள்ளைகளைக் குறிவைத்து விளம்பரமும் செய்யக் கூடாது. அதன் விதிகள் 2025-ம் ஆண்டு நவம்பரில் வெளியாயின. இந்தக் கடமைகளுக்குத் தயாராகக் கம்பெனிகளுக்கு 18 மாத அவகாசம் கொடுக்கப்பட்டது.

வெளிநாட்டில் என்ன நடந்தது? ‘போர்ட்நைட்’ என்ற ஆட்டத்தை நடத்தும் எபிக் கேம்ஸ் கம்பெனி மீது அமெரிக்க வர்த்தக ஆணையம் நடவடிக்கை எடுத்தது. குழந்தைகளின் விவரங்களைப் பெற்றோருக்குத் தெரியாமல் திரட்டியது ஒரு குற்றச்சாட்டு. பொத்தான்களைக் குழப்பமாக வைத்து, வேண்டாத பொருளை வாங்க வைத்தது மற்றொரு குற்றச்சாட்டு. 2022-ம் ஆண்டு டிசம்பரில் அந்தக் கம்பெனி 52 கோடி டாலர் கட்ட ஒப்புக்கொண்டது. அதில் 24½ கோடி டாலர், வாடிக்கையாளர்களுக்குத் திருப்பிக் கொடுப்பதற்கு!

ஒரு பொத்தானின் இடத்தை மாற்றி வைத்தால் எத்தனை கோடி கைமாறும் என்பதற்கு இதுவே சாட்சி.

நிறுத்துவது எப்படி?

சட்டம் டெல்லியில் இருக்கிறது. போன் நம் கையில் இருக்கிறது. கோர்ட்டு வந்து நம் போனைத் திருத்தாது. திருத்த வேண்டியது நாம்தான். பத்து நிமிட வேலை.

முதலில் போனைத் தமிழுக்கு மாற்றுங்கள். ‘செட்டிங்ஸ்’ என்பதைத் திறந்தால் மொழி மாற்றும் இடம் இருக்கும். தமிழைத் தேர்ந்தெடுத்தால், ‘செட்டிங்ஸ்’ என்பது ‘அமைப்புகள்’ என்று மாறும். ‘நோட்டிபிகேஷன்’ என்பது ‘அறிவிப்புகள்’ என்று மாறும். படித்து அழுத்தலாம். போனுக்குப் போன் இடம் கொஞ்சம் மாறி இருக்கும். பயப்பட வேண்டாம்.

ஒன்று: மணி அடித்து வரும் அறிவிப்பு. அதைத் தள்ளிவிடாதீர்கள். தள்ளினால் நாளைக்கும் வரும். அதன் மேல் விரலை வைத்து இரண்டு விநாடி அழுத்திப் பிடியுங்கள். அதை நிறுத்தும் வழி அங்கேயே தெரியும். நிறுத்திவிடுங்கள். அந்த ஆப்பில் இருந்து அப்புறம் சத்தம் வராது.

இரண்டு: மொத்தமாக நிறுத்துவது. ‘அமைப்புகள்’, அதற்குள் ‘அறிவிப்புகள்’. எந்தெந்த ஆப் அறிவிப்பு அனுப்புகிறது என்ற பட்டியல் இருக்கும். விளையாட்டுகளுக்கு எதிரே உள்ள விசையை அணையுங்கள். பாங்கி, எஸ்.எம்.எஸ். இரண்டையும் தொடாதீர்கள்.

மூன்று: சைன்-இன் கேட்கும் பெட்டி. ஆண்ட்ராய்டு போனில் ‘பிளே கேம்ஸ்’ என்ற ஆப்பைத் திறந்து, மேலே உள்ள வட்டப் படத்தைத் தொட்டு, அதன் ‘செட்டிங்ஸ்’ உள்ளே போங்கள். ஆட்டங்களில் தானாகவே சைன்-இன் செய்வதற்கு ஒரு விசை இருக்கும். அதை அணைத்துவிடுங்கள். அந்த ஆப் இல்லாத போனில், ‘அமைப்புகள்’ உள்ளே ‘கூகுள்’ என்ற பகுதியில் தேடினால் கிடைக்கும். ஐபோன் என்றால் ‘செட்டிங்ஸ்’ உள்ளே ‘கேம் சென்டர்’ என்று இருக்கும். அதை அணைத்தால் போதும்.

நான்கு: போனோடு வந்த விளையாட்டு ஆப். சிலவற்றை நீக்க முடியாது. ‘அமைப்புகள்’ உள்ளே ‘ஆப்ஸ்’ பட்டியலில் அதன் பெயரைத் தொட்டால், முடக்குவதற்கு ‘டிசேபிள்’ என்ற வழி இருக்கலாம். அதுவும் இல்லை என்றால், அறிவிப்பை மட்டும் அணைத்துவிடுங்கள்.

ஐந்து: இணையதளங்கள் அனுப்பும் அழைப்பு. என்றோ ஒரு நாள் ஒரு தளத்தில் ‘அலவ்’ என்று அழுத்தி இருப்போம். அன்றில் இருந்து அது துரத்திக்கொண்டு இருக்கும். ‘குரோம்’ ஆப்பைத் திறந்து, மூலையில் உள்ள மூன்று புள்ளிகளைத் தொட்டு, ‘செட்டிங்ஸ்’ உள்ளே ‘நோட்டிபிகேஷன்’ பகுதியில் வேண்டாத தளங்களை அணைக்கலாம்.

ஆறு: எங்கே இருந்து வருகிறது என்றே தெரியாமல் திரை முழுவதும் வந்து மூடும் பெட்டி. இதுதான் பொல்லாதது. மற்ற ஆப்களின் மேலே வந்து நிற்க ஏதோ ஒரு ஆப் அனுமதி வாங்கி இருக்கும். பெட்டி வந்தவுடன், திறந்து இருக்கும் ஆப்களைக் காட்டும் பொத்தானை அழுத்துங்கள். திருடன் பெயர் பெரும்பாலும் அதில் தெரிந்துவிடும். டார்ச் லைட், போன் சுத்தம் செய்வது என்று என்றோ இறக்கிய ஆப்பாக இருக்கும். அதை நீக்கிவிடுங்கள்.

ஒரு நல்ல செய்தி. 2022-ம் ஆண்டு வந்த ஆண்ட்ராய்டு 13 முதல், புதிதாக இறக்கும் ஆப் எதுவும் கேட்காமல் அறிவிப்பு அனுப்ப முடியாது. ‘‘அனுப்பலாமா?’’ என்று முதலில் அனுமதி கேட்க வேண்டும். இரண்டு முறை மறுத்துவிட்டால், அந்த ஆப் மறுபடியும் அந்தக் கேள்வியைக் காட்டப் போன் விடாது. அதற்கு முந்தைய போன்களில் அறிவிப்பு தானாகவே திறந்து இருக்கும். அணைப்பது நம் வேலை.

இதைத் தொடாதீர்கள்!

ஆத்திரத்தில் எல்லாவற்றையும் அணைத்துவிடக் கூடாது. ‘கூகுள் பிளே சர்வீசஸ்’ என்று ஒன்று இருக்கும். பெயரில் ‘பிளே’ இருக்கிறதே, விளையாட்டுதான் என்று முடக்கிவிடாதீர்கள். போனில் பல ஆப்கள் ஒழுங்காக ஓடுவதற்கு அதுதான் அச்சாணி. அதை முடக்கினால் வேண்டிய ஆப்களும் தகராறு செய்யும்.

‘‘விளம்பரத்தை நிறுத்தித் தருகிறோம்’’ என்று சொல்லி வரும் புது ஆப்பையும் இறக்காதீர்கள். ‘‘உங்கள் போனில் வைரஸ்’’ என்று மிரட்டும் பெட்டியையும் நம்பாதீர்கள். திருடனைப் பிடிக்க இன்னொரு திருடனை வீட்டுக்குள் விட்ட கதை ஆகிவிடும்.

பணத்துக்கு ஒரு பூட்டு

பிள்ளைக்குப் போனைக் கொடுக்கும் வீட்டில் இது கட்டாயம். ‘பிளே ஸ்டோர்’ உள்ளே ‘செட்டிங்ஸ்’ பகுதியில், எதை வாங்கினாலும் பாஸ்வேர்டோ கைரேகையோ கேட்கும்படி வைக்கலாம். பிள்ளைகளுக்கான கட்டுப்பாடும் அங்கேயே இருக்கிறது. வயதுக்குத் தகாத ஆட்டங்களை அது தடுக்கும்.

பணம் அனுப்பும் ரகசிய எண் பெரியவர்களுக்கு மட்டும் தெரிந்தால் போதும். ‘‘பரிசுப் பணம் வர வேண்டும், ரகசிய எண்ணைப் போடுங்கள்’’ என்று எந்தப் பெட்டி கேட்டாலும் அது மோசடி. நமக்குப் பணம் வருவதற்கு ரகசிய எண் தேவையே இல்லை.

பணம் போய்விட்டதா? உடனே 1930 என்ற எண்ணுக்குப் போன் செய்ய வேண்டும். சைபர் குற்றங்களுக்கான எண் அது. தாமதிக்கும் ஒவ்வொரு நிமிடமும் பணம் கைமாறிக்கொண்டே போகும். நச்சரிப்பு, ஏமாற்று விளம்பரம் ஆகியவற்றுக்கு நுகர்வோர் உதவி எண் 1915. தமிழிலேயே பேசலாம்.

விரல் யாருடையது?

விளையாட்டைப் பிள்ளைகளிடம் இருந்து பிடுங்க வேண்டும் என்பது இதன் கருத்து அல்ல. பள்ளிக்கூடம் விட்டு வந்த பிள்ளை அரை மணி நேரம் ஆடட்டும். ஆனால் எப்போது ஆடுவது, எப்போது நிறுத்துவது என்று வீடு முடிவு செய்ய வேண்டும். எங்கோ இருக்கும் ஒரு கம்பெனியின் மணியோசை முடிவு செய்யக் கூடாது.

பெட்டி வந்து நின்றால் அது கட்டளை என்று பலர் நினைத்துவிடுகிறார்கள். ‘‘போன் கேட்கிறது, கொடுத்துத்தானே ஆக வேண்டும்’’ என்று பெயரையும் நம்பரையும் கொடுத்துவிடுகிறார்கள். அது கட்டளை அல்ல. கேள்விதான். கேள்வி என்றால் ‘வேண்டாம்’ என்பதும் ஒரு பதில்தான். ‘வேண்டாம்’ என்று சொன்னால் போன் கெட்டுவிடாது. சிம் கார்டு நின்றுவிடாது. சர்க்கார் பணமும் நின்றுபோகாது.

கம்பெனிகள் மாற வேண்டும். ‘இப்போது வேண்டாம்’ என்ற பொத்தானுக்குப் பக்கத்தில், ‘எப்போதும் வேண்டாம்’ என்று ஒரு பொத்தான், அதே அளவில், அதே நிறத்தில், தமிழில் இருக்க வேண்டும். அதைக் கட்டாயம் ஆக்க வேண்டிய பொறுப்பு சர்க்காருக்கு உண்டு. பட்டியல் போட்டதோடு வேலை முடிந்துவிடவில்லை.

அதுவரை ஒரு வழி இருக்கிறது. இந்த ஞாயிற்றுக்கிழமை சாப்பிட்ட பிறகு, வீட்டில் உள்ள போனை நடுவில் வைத்து எல்லோரும் உட்காருங்கள். படித்த பிள்ளை படிக்கட்டும். அம்மா தன் விரலாலேயே அணைக்கட்டும். ஒரு முறை தன் கையால் செய்துவிட்டால், அடுத்த பெட்டிக்கு யாரையும் கூப்பிட வேண்டியது இல்லை.

கைநாட்டை விட்டுக் கையெழுத்துக்கு வந்த விரல் அது. அந்த விரலுக்கு ‘வேண்டாம்’ என்று சொல்லவும் தெரியும்!